[கற்பனை உலகு] உருக்காவலர்: குறிகளைக் காக்கும் ஒரு மறைநெறிக் கூட்டம், நடைமுறையில் எப்படி நிற்கும்?

#1 · நாணல்

வணக்கம். நாவலுக்காகக் கட்டிவரும் உலகில் ஒரு மறைநெறிக் கூட்டம் வருகிறது. பெயர் உருக்காவலர். அவர்கள் நம்பிக்கை இது: உலகம் சொல்லால் பிறக்கவில்லை, கோட்டால் பிறந்தது. ஆதியில் 96 குறிகள் கீறப்பட்டன. எல்லாப் பொருளுக்கும் அடியில் ஏதோ ஒரு குறி ஓடுகிறது. குறியின் உரு குலைந்தால் பொருளும் நிலை குலையும். அதனால் குறிகளைப் பிசகாமல் படி எடுப்பதே வழிபாடு. சிலை கிடையாது, பலி கிடையாது, நூல் ஒன்றுதான்.

நிலம் ஆற்றுக் கழிமுகம். ஆண்டில் ஐந்து மாதம் மழை. பனை நிறைய உண்டு, கல் கிடைக்காது. காகிதமும் அச்சும் இன்னும் வரவில்லை.

இதுவரை நான் முடிவு செய்தவை: நூல் 1,200 ஏடு. பக்கத்துக்கு 5 வரி, வரிக்கு 20 குறி, இருபுறமும் எழுத்து. ஆக மொத்தம் 2,40,000 குறி. ஓலை 300 ஆண்டு தாங்கும் என்று வைத்து, 300 ஆண்டுக்கு ஒருமுறை பெரும்படி எடுக்கும் விழா. மேட்டில் ஒரே மடம். படி எடுப்பவர் கூட்டத்திலேயே ஞானம் மிகுந்தவர். மூலத்தில் பிழை கண்டால் திருத்தும் உரிமை அவருக்கு உண்டு. படி முடிந்ததும் பழைய ஏட்டைத் தீயிலிடுவார்கள்.

கதையில் இந்த நூல் 900 ஆண்டு பிழைத்திருக்க வேண்டும். இதில் எது நிற்காது? தயங்காமல் சொல்லுங்கள்.

#2 · ஈர்க்கு

முதலில் ஓலைக்கு வருகிறேன். 300 ஆண்டு என்பது உலர்ந்த, குளிர்ந்த இடத்துக்குப் பொருந்தும். நேபாளத்தின் குளிரில் ஆயிரம் ஆண்டு கடந்த ஓலைச்சுவடிகளே இருக்கின்றன. ஐந்து மாத மழையில், கழிமுகத்துக் காற்றில், 300 என்பது நல்ல அதிர்ஷ்டம். நூறு தாண்டினாலே ஓரம் உதிரும், துளையைச் சுற்றிக் கிழியும், பூச்சி சுரங்கம் போட்டிருக்கும். எல்லா ஏடும் ஒரே வேகத்தில் கெடுவதும் இல்லை. கட்டின் முதல் சில ஏடும் கடைசிச் சில ஏடும் முதலில் போகும். நூலின் தொடக்கமும் முடிவும்தான் எப்போதும் அதிகம் சிதைந்திருக்கும் என்பதைக் கதையில் பயன்படுத்திக்கொள்ளுங்கள்.

ஓலை மாற்றும் நாளை விழாத் தேதியை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஏட்டைப் பார்த்து முடிவு செய்கிற ஆள் மடத்தில் ஒருவர் வேண்டும்.

#3 · பாடபேதம்

ஓலையைவிட எனக்குக் கவலை தருவது அந்த ஞானி.

படி எடுக்கையில் வரும் பிழைகள் இரண்டு வகை. கை தவறுவது ஒன்று. ஒரே குறி இரண்டு வரியில் வந்தால் கண் முதல் இடத்திலிருந்து இரண்டாவது இடத்துக்குத் தாவும்; நடுவில் இருப்பது விடுபடும். அல்லது எழுதியதையே மறுபடி எழுதுவார். ஒத்த உருவத்தில் ஒன்றுக்குப் பதில் இன்னொன்று விழும். இவை எல்லாம் கண்டுபிடிக்கக் கூடியவை, ஏனென்றால் விளைவு பொருளற்றதாக இருக்கும்.

அறிவு தவறுவது மற்றொன்று. படிப்பவருக்கு ஓர் இடம் விளங்கவில்லை. “முன்னவர் பிழையாக எழுதிவிட்டார்” என்று நினைத்து விளங்கும்படி மாற்றுகிறார். இந்தப் பிழை அழகாக, பொருளோடு, இலக்கணத்தோடு இருக்கும். அடுத்த தலைமுறையில் யாருக்கும் சந்தேகமே வராது. அதனால்தான் பதிப்பாசிரியர்கள் ஒரே இடத்துக்கு இரண்டு பாடம், அதாவது இரண்டு வேறு வடிவம், கிடைத்தால், பெரும்பாலும் கடினமான பாடத்தையே மூலத்துக்கு நெருக்கமானதாக எடுக்கிறார்கள். எளிதை யாரும் கடினமாக்க மாட்டார்கள், கடினத்தைத்தான் எளிதாக்குவார்கள். ஓரத்தில் எழுதிய விளக்கக் குறிப்பு, மூன்றாம் படியில் நூலுக்குள்ளேயே நுழைந்துவிடுவதும் இப்படித்தான்.

திருத்தும் உரிமையை ஒட்டுமொத்தமாக எடுத்துவிடுங்கள். எபிரேய மறைநூலைக் காத்த மசோரெட்டியர் இதற்கு ஒரு வழி வைத்திருந்தார்கள். ஏறத்தாழ 7ஆம் நூற்றாண்டு முதல் 10ஆம் நூற்றாண்டு வரை இயங்கியவர்கள் அவர்கள். ஓரிடத்தில் எழுதியிருப்பது ஒன்று, வாசிக்க வேண்டியது வேறு என்று மரபு சொன்னால், எழுதியதைத் தொடவே மாட்டார்கள். வாசிக்க வேண்டியதை ஓரத்தில் குறிப்பார்கள். வாசகர் வாயால் ஓரத்தில் இருப்பதைச் சொல்வார், கண்ணுக்கு முன் பழைய வடிவம் அப்படியே நிற்கும். உருக்காவலருக்கும் இதுவே சரி: சந்தேகம் ஓரத்துக்கு, உரு நடுவுக்கு.

#4 · குகைவிளக்கு

300 ஆண்டு இடைவெளியில் இன்னொரு ஓட்டை இருக்கிறது. ஓலையின் ஆயுளைப் பார்த்தீர்கள், கையின் ஆயுளைப் பார்க்கவில்லை. 300 ஆண்டுக்கு ஒருமுறை எழுதினால் நடுவில் பத்துத் தலைமுறை எழுத்தாணியே பிடிக்காமல் போகும். விழா வரும் நாளில் குறியைக் கீறத் தெரிந்தவர் ஒருவரும் இருக்க மாட்டார்.

ஜப்பானில் இசே கோயிலை 20 ஆண்டுக்கு ஒருமுறை புதிதாகக் கட்டுகிறார்கள். 2013இல் நடந்தது 62ஆவது முறை. பழைய கட்டடம் விழுந்துவிடும் என்பதற்காக மட்டும் அல்ல. இருபது வயதில் எடுபிடியாக நின்றவர் நாற்பதில் தச்சராக இருப்பார், அறுபதில் மேற்பார்ப்பார். கைவேலை ஒரு தடவையும் அறுந்துபோகாது.

உருக்காவலருக்கும் 20 ஆண்டுச் சுற்று வையுங்கள். அதையும் ஒரே ஆண்டில் கொட்டிவிடாமல் ஆண்டுதோறும் 60 ஏடு. 20 ஆண்டில் 1,200 முடிந்து, முதல் ஏட்டுக்கு மறுபடி முறை வரும். ஒருவர் பதினைந்து வயதில் ஓலை வாரிக் கொடுத்த அதே ஏட்டை முப்பத்தைந்தில் எழுதுவார், ஐம்பத்தைந்தில் சரிபார்ப்பார். கதைக்கும் இது நல்ல சதை: ஒரு மனிதர் தன் வாழ்நாளில் எந்த ஏட்டையும் மூன்று முறைக்கு மேல் சந்திப்பது அரிது.

#5 · நாணல்

இசே உதாரணம் என் கணக்கையே புரட்டிப்போட்டுவிட்டது, நன்றி. 20 ஆண்டுச் சுற்றை எடுத்துக்கொள்கிறேன். ஆனால் அடிக்கடி படி எடுத்தால் பிழையும் அடிக்கடி சேருமே? 900 ஆண்டில் 45 படி. இதை எப்படிச் சமாளிப்பது? எத்தனை பேர் வேண்டும்?

#6 · பாடபேதம்

சரியான கேள்வி. கணக்காகவே பார்ப்போம். கவனமான கை 2,000 குறிக்கு ஒரு பிழை விடும் என்று வைத்துக்கொள்ளுங்கள். 2,40,000 குறிக்கு 120 பிழை. சரிபார்ப்பில் பத்தில் ஒன்பது பிடிபட்டால் 12 மிஞ்சும். ஒரே மடம், ஒரே வரிசை என்றால் 45 படியில் 540 பிழை. ஒவ்வொன்றும் அடுத்த படிக்கு மூலமாகிவிடும். நீங்கள் சொன்ன ஒற்றை மடத்துக்கு இது மெல்லக் கொல்லும் நோய். வெள்ளமோ தீயோ வந்தால் ஒரே நாளில் முடிந்துவிடும் என்பது தனி.

மூன்று மடம் வையுங்கள். ஒன்றை விட்டு ஒன்று இரண்டு நாள் நடைத் தொலைவில், வெவ்வேறு ஆற்றுக் கிளையில். கண்டிப்பான விதி: ஒவ்வொரு மடமும் தன் ஏட்டையே பார்த்து எழுத வேண்டும், அடுத்த மடத்து ஏட்டைப் பார்த்து எழுதக் கூடாது. மூன்று மடமும் அதே ஆண்டில் அதே 60 ஏட்டை எழுதும். வறண்ட மாதத்தில் ஒரு நாள் மூன்று கட்டையும் ஒரே பாயில் விரித்து ஒப்பிடுவார்கள். ஒன்று மாறி இரண்டு ஒத்திருந்தால் இரண்டின் பக்கம். பிழை தற்செயலாக விழுந்தால் இரண்டு மடத்தில் ஒரே இடத்தில் ஒரே பிழை வர வாய்ப்பு மிகச் சிறிது. மடங்கள் ஒன்றின் ஏட்டை ஒன்று பார்த்து எழுதத் தொடங்கினால் மூன்று சாட்சி ஒன்றாகிவிடும். பிறகு ஒப்பிடுவது வெறும் சடங்கு.

இந்தக் கணக்கு பொய்க்கிற இடம் ஒன்று உண்டு: ஒத்த உருவம். இரண்டு குறி ஒரு சுழியில் மட்டும் வேறுபட்டால் மூன்று மடத்துக் கையும் அதே இடத்தில் அதே பக்கம் சாயும். அங்கே பெரும்பான்மையே தவறாகலாம். மயங்கும் இணைகளின் பட்டியலை ஒவ்வொரு மடமும் மனப்பாடம் செய்திருக்க வேண்டும். அந்தக் குறி வரும் இடத்தில் மட்டும் எழுதுபவர் நிறுத்தி, பக்கத்தில் இருப்பவரிடம் வாய்விட்டுக் கேட்டு எழுத வேண்டும்.

ஆள் கணக்கு எளிது. ஒரு குறிக்கு ஒரு நிமிடம் என்றால் ஓர் ஏட்டுக்கு 200 நிமிடம், அதாவது மூன்றே கால் மணி நேரத்துக்கு மேல். நாளுக்கு ஒரு ஏடு போதும், அதற்கு மேல் கண் ஏமாற்றும். ஒரு மடத்துக்கு எழுதுபவர் ஆறு பேர் வைத்தால் ஆளுக்கு ஆண்டுக்குப் பத்து ஏடு.

ஆனால் பத்து ஏட்டில் 2,000 குறிதான் வரும். 96 குறியும் சமமாகவும் வராது. நூல் முழுவதிலும் இரண்டே இடத்தில் வரும் குறியை ஒருவர் வாழ்நாளில் ஒருமுறைகூட எழுதாமல் போகலாம். உரு திரிவது இந்த அரிய குறிகளில்தான் தொடங்கும். ஆகவே காலையில் எழுந்ததும் 96 குறியையும் ஒரு பழக்க ஏட்டில் எழுதிவிட்டுத்தான் மற்ற வேலை. கோட்டின் தொடக்கம், திசை, வரிசை எல்லாம் ஒரே மாதிரி இருக்க வேண்டும்.

#7 · எதிரொலி

சரிபார்ப்பு என்று ஒரே சொல்லில் போய்விட்டீர்கள். அதற்குள் குறைந்தது மூன்று வேலை இருக்கிறது. ஒவ்வொன்றும் வேறு வேறு பிழையைப் பிடிக்கும்.

எண்ணுவது: ஏட்டின் இடது ஓரத்தில் அந்தப் பக்கத்துக் குறித்தொகை, நடுக்குறி எது என்பது, இரண்டும் எழுதப்பட வேண்டும். விடுபாடும் இரட்டிப்பும் இதில் உடனே தெரியும். மசோரெட்டியர் எழுத்தை எண்ணிக் காத்தார்கள். இன்று எழுதப்படும் தோராச் சுருளில், அதாவது யூதர்களின் மறைநூல் சுருளில், 3,04,805 எழுத்து. ஆனால் ஒரு குறிக்குப் பதில் இன்னொன்று விழுந்தாலும், இரண்டு குறி இடம் மாறினாலும் எண்ணிக்கை சரியாகவே இருக்கும்.

ஓதுவது: ஒவ்வொரு குறிக்கும் ஓர் ஒலிப்பெயர் வையுங்கள். வேதம் ஓதுவோர் சொல் சொல்லாகப் பிரித்து ஓதும் பத பாடத்துக்கு மேல் கிரமம், ஜடை, கனம் என்று அடுக்கிய முறைகள் இதற்கு மிகப் பொருத்தம். சொற்களை 1, 2, 3 என்று எண்ணினால், கிரமத்தில் 1-2, 2-3, 3-4 என்று போகும். ஜடையில் 1-2-2-1-1-2. கனத்தில் 1-2-2-1-1-2-3-3-2-1-1-2-3. ஒவ்வொரு சொல்லும் முன்னும் பின்னும் தன் அண்டைச் சொல்லோடு பூட்டப்பட்டுவிடுகிறது. குறியின் இடம் மாறினால் நாக்கு தடுக்கும். உருக்காவலருக்குக் கிரமம் போதும், எழுதாதவர் ஓத வேண்டும். எழுதியவர் ஓதினால் தான் எழுத நினைத்ததைத்தான் ஓதுவார்.

பின்னோக்கிப் பார்ப்பது: கடைசிக் குறியிலிருந்து முதல் குறி வரை ஒவ்வொன்றாக மூலத்தோடு ஒப்பிடுவது. பின்னோக்கிப் போகையில் பொருள் எழாது; மனம் தானாக நிரப்பாது; உரு மட்டும் கண்ணில் நிற்கும். ஒத்த உருவப் பிழை சிக்குவது இதில்தான்.

எழுதும்போதே ஒரு காவலும் சேர்க்கலாம். தோரா எழுதுபவர் மனப்பாடத்தில் எழுதக் கூடாது. முன்னால் படி இருக்க வேண்டும். சொல்லை வாயால் சொல்லிவிட்டு எழுத வேண்டும். ஓர் எழுத்து அடுத்ததைத் தொடக் கூடாது, சுற்றிலும் வெறும் தோல் தெரிய வேண்டும். உங்கள் உலகில் இதற்கு மறைப்பொருளும் கிடைக்கும்: குறியைச் சுற்றிய வெற்றிடம் அதன் மூச்சு. மூச்சு அடைபட்ட குறி செத்த குறி.

#8 · ஈர்க்கு

மூச்சு என்ற கருத்து ஓலைக்கும் பொருந்துகிறது. நெருக்கி எழுதினால் கீறலுக்கு இடையே உள்ள மேல்தோல் செதிலாகப் பெயரும்.

ஓலை வேலையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், நாவலில் ஒரு காட்சியாவது இதற்கு ஒதுக்குவீர்கள் என்ற நம்பிக்கையில்.

குருத்தும் வேண்டாம், முற்றியதும் வேண்டாம்; இடைப்பட்ட ஓலை. குருத்து காயும்போது சுருங்கி அளவு மாறும். முற்றியது வெடிக்கும். ஈர்க்கை நீக்கி, மஞ்சள் சேர்த்த தண்ணீரில் வேகவைத்து, நிழலில் காயவைப்பார்கள். அரைவேக்காட்டு ஓலை விறைத்து நிற்கும், எழுத்தாணி பட்டால் தெறிக்கும். அதிகம் வெந்தால் நார் தளர்ந்து கீறல் பிசிறும். காய்ந்ததை வழுவழுப்பான கல்லாலோ சங்காலோ தேய்த்து மட்டமாக்கி, ஒரே அளவுக்கு வாரி, துளை இடுவார்கள். பனையோலை அகலம் மூன்று, நான்கு சென்டிமீட்டர்தான். ஐந்து வரி அதில் நெருக்கடியே, ஆனால் முடியும்.

கட்டும் முறை: துளை இரண்டு, ஓலையை மூன்றாகப் பிரிக்கும் இடங்களில். ஒன்றில் கயிறு ஓடும், மற்றொன்றில் நாராசம் என்ற குச்சி நிற்கும். நாராசம் இல்லாவிட்டால் ஏடுகள் கயிற்றைச் சுற்றி விசிறிபோலத் திரும்பி ஓரம் ஒடியும். கயிற்றின் நுனியில் ஓலைத்துண்டைக் கிளியின் அலகுபோல் வெட்டிக் கட்டுவார்கள், பெயரும் கிளிமூக்குதான். மேலும் கீழும் மரச்சட்டம். துளையைச் சுற்றி ஒரு விரல் அகலம் வெறுமையாக விட வேண்டும். கயிறு அறுப்பது அங்கேதான்.

இனி எழுதுவது. எழுத்தாணி பிடித்த கை அதிகம் நகராது, இடக்கைப் பெருவிரல் நகம் அதற்குத் தாங்கல், ஓலைதான் நகரும். நார் ஓலையின் நீளத்தில் ஓடுகிறது. நீளவாக்கில் அழுத்தி ஒரு நேர்கோடு இழுத்தால் நாரோடு சேர்ந்து பிளந்துவிடும். உங்கள் 96 குறியில் நீண்ட கிடைக்கோடு எதுவும் இருக்கக் கூடாது, வளைவாக இருக்கட்டும்.

இதைவிட முக்கியம் புள்ளி. எழுத்தாணி நுனியை ஓரிடத்தில் ஊன்றினால் ஓலை பொத்தலாகிவிடும். அதனால் தமிழ்ச் சுவடிகளில் பெரும்பாலும் புள்ளியே இடுவதில்லை. மெய்க்கும் புள்ளி இல்லை; எகர ஒகரக் குறிலுக்குத் தொல்காப்பியம் சொன்ன புள்ளியும் இல்லை. ‘எ’யா ‘ஏ’யா என்பதைப் படிப்பவர் இடம் பார்த்து முடிவு செய்ய வேண்டும். உங்கள் குறிகளில் புள்ளி இருந்தால் இப்போதே எடுத்துவிடுங்கள்.

எழுதி முடித்த ஏட்டில் ஒன்றும் தெரியாது, வெளிச்சத்தில் சாய்த்தால்தான் கீறல் மினுங்கும். அதன் பிறகு மையாடல். மாவிலைக் கரி, தர்ப்பைக் கரி, ஊமத்தை இலைச்சாறு, மஞ்சள் இவற்றைச் சேர்த்துப் பூசித் துடைத்தால் கரி கீறலுக்குள் நின்று எழுத்துக் கறுப்பாக எழும். கரி மாவாக அரைபட்டிருக்க வேண்டும். சொரசொரவென்று இருந்தால் துடைக்கும்போதே புதுக் கீறல் போடும். எதிரொலி சொன்ன மூன்று சரிபார்ப்பும் மையாடலுக்குப் பிறகுதான் ஒழுங்காக நடக்கும். கீறியதை அழிக்க வழியில்லை. பிழையான குறியின் மேல் ஒரு சிறு சாய்கோடு, சரியானது ஓரத்தில். ஓர் ஏட்டில் மூன்றுக்கு மேல் போனால் புது ஓலை.

#9 · குகைவிளக்கு

ஈர்க்கு அவர்களே, புள்ளியை எடுத்துவிடச் சொன்னீர்கள். நான் அதையே மறைபொருள் ஆக்கச் சொல்வேன்.

96 குறியில் சிலவற்றுக்குப் புள்ளி உண்டு. ஆனால் ஓலையில் அதை எழுத முடியாது. எந்த இடத்தில் புள்ளி என்பதைத் தீக்கை பெற்றவர் காதில் மட்டும் சொல்வார்கள். வெளியார் கையில் நூல் முழுசாகக் கிடைத்தாலும் பாதி விளங்காது. ஒரு கைவேலைச் சிக்கல் நாலைந்து தலைமுறையில் இறைவனின் மௌனம் என்று பெயர் பெறுவது இயல்பான வளர்ச்சி. இந்தக் கூட்டத்துக்கு இதைவிட நல்ல ரகசியம் இட்டுக்கட்ட முடியாது.

ஆபத்தும் அதிலேயே இருக்கிறது. வாய்வழி அறுந்தால் எழுத்து ஊமையாகும். ராப்பா நூயி என்ற ஈஸ்டர் தீவில், ரோங்கோரோங்கோ என்ற எழுத்தைக் கீறிய மரப்பலகைகள் இருபத்துச் சொச்சம்தான் மிஞ்சின. 1862 வாக்கில் பெருவின் அடிமைக் கப்பல்கள் ஆட்களைப் பிடித்துப்போயின, பின்னால் தொற்றுநோய் வந்தது. வாசிக்கத் தெரிந்தவர்கள் போய்விட்டார்கள். உரு அப்படியே இருக்கிறது, இன்று வரை வாசிக்க ஆள் இல்லை. எகிப்தில் தேதியோடு கிடைக்கும் கடைசிப் படவெழுத்துக் கல்வெட்டு பிலே கோயிலில், கி.பி. 394 ஆகஸ்ட் 24. அதன் பிறகு கோயில் சுவர் முழுக்க எழுத்து நின்றது, ஆயிரத்து நானூறு ஆண்டுக்கு மேல் அது வெறும் படமாக இருந்தது.

எழுத்தையே கடவுளுக்கு வழியாகக் கொண்ட உண்மையான கூட்டம் வேண்டுமானால் ஹுரூஃபியரைப் பாருங்கள். 14ஆம் நூற்றாண்டு ஈரானில் அஸ்தராபாத்தைச் சேர்ந்த ஃபஸ்லுல்லா தொடங்கியது. அரபியின் 28 எழுத்தையும் பாரசீகத்தின் 32 எழுத்தையும் மனித முகத்தின் கோடுகளில் வாசித்தார்கள். அவரை 1394இல் கொன்றார்கள். முகத்திலேயே எழுத்து இருக்கிறது என்றால் யாரையும் வாசிக்கலாம், அரசனையும் வாசிக்கலாம். உருக்காவலருக்கும் ஆட்சிக்கும் எங்கே உரசும் என்பதை இங்கிருந்து பிடியுங்கள்.

இன்னொன்று. படி எடுப்பவருக்குக் குறியின் பொருள் தெரிந்தே ஆக வேண்டும். பொருள் தெரியாத கை நூறு ஆண்டில் குறியை வெறும் கிறுக்கலாக்கிவிடும்.

#10 · பாடபேதம்

கடைசிப் பத்தியோடு உடன்பட முடியவில்லை. சித்த எழுத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஜப்பானியப் பௌத்தத் துறவி கூக்காய் 804இல் சீனம் போய் 806இல் ஜப்பான் திரும்பியபோது கொண்டுபோன மந்திர எழுத்து அது. இந்தியாவில் வழக்கொழிந்த பிறகும் அவர் தொடங்கிய ஷிங்கோன் பிரிவினர் தூரிகையால் இன்றும் எழுதுகிறார்கள். எழுதியவர் எல்லாரும் வடமொழி கற்றவர் அல்லர். கோட்டின் வரிசையை ஒழுங்காகக் கற்றார்கள், உரு நின்றது. உருவைக் காப்பது கைப்பயிற்சி. பொருள் தெரிவது திருத்தச் சொல்லிக் கையை நிமிண்டிக்கொண்டே இருக்கும்.

#11 · குகைவிளக்கு

சித்த எழுத்துக்கு ஒவ்வொரு எழுத்தும் ஒரு தெய்வத்தின் வித்து என்ற பொருள் இருந்தது. இலக்கணம் தெரியாமல் இருந்திருக்கலாம், மதிப்புத் தெரியாமல் யாரும் எழுதவில்லை. ஆனாலும் நீங்கள் சொல்லும் அபாயம் உண்மை என்பதை ஏற்கிறேன். இரண்டு வேலையாகப் பிரித்துவிடலாம்: எழுதுபவருக்கு உருவும் கோட்டு வரிசையும், ஓதுபவருக்கு ஒலியும் பொருளும் புள்ளி இருக்கும் இடமும். ஒருவர் இரண்டையும் ஒரே காலத்தில் செய்யக் கூடாது. நாற்பது வயதில் எழுத்தாணியை வைத்துவிட்டு ஓதும் பக்கம் வரலாம், திரும்பிப் போக முடியாது.

#12 · பாடபேதம்

இது நிற்கும். ஒரே திருத்தம்: புள்ளி தெரிந்தவர் ஒரு மடத்துக்கு ஐந்து பேருக்குக் குறையக் கூடாது. ஒரு தொற்றுநோய் இரண்டு மூன்று பேரை எடுத்தாலும் ஒருவர் சொல்வதை மற்றவர் சரிபார்க்க வேண்டும். நாவலின் நெருக்கடி இங்கேயே இருக்கிறது என்று தோன்றுகிறது.

#13 · கரையான்புற்று

ஐந்து மாத மழையில் வைப்பது எப்படி என்று யாரும் தொடவில்லை.

எல்லாரும் முதலில் செய்யும் தவறு, இறுக மூடிய பெட்டி. மழைக்காலத்தில் மூடினால் உள்ளே இருக்கும் ஈரம் வெளியேறாது. காற்றின் ஈரப்பதம் 65, 70 விழுக்காட்டுக்கு மேல் நீடித்தால் பூஞ்சை பிடிக்கும். பெட்டியைவிடக் காற்றோடும் அறையே மேல். கொரியாவின் ஹேயின்சா மடத்தைப் பாருங்கள். 13ஆம் நூற்றாண்டில் வெட்டிய 81,258 மர அச்சுப்பலகைகள் அங்கே இருக்கின்றன. அவை இருக்கும் கூடங்கள் 15ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. முன்சுவரிலும் பின்சுவரிலும், மேல்வரிசையிலும் கீழ்வரிசையிலும் சன்னல்கள் வெவ்வேறு அளவு. காற்று நுழைந்து சுற்றி வெளியேறும். மண்தரைக்கு அடியில் கரி, சுண்ணாம்பு, உப்பு கலந்த அடுக்கு ஈரத்தை வாங்கிக் கொடுக்கிறது. பலகையின் இரு முனையிலும் தடித்த மரக்கட்டை இருப்பதால் ஒன்றோடொன்று ஒட்டாமல் நடுவே காற்று போகும்.

உங்கள் மடத்துக்கு: வெள்ளம் ஏறிய மிக உயர்ந்த கோட்டுக்கு மேல் ஓர் ஆள் உயரத்தில் தளம். அலமாரி சுவரை ஒட்டாமல் ஒரு முழம் தள்ளி, கால்கள் தண்ணீர்க் கிண்ணத்தில். கரையான் வெட்டவெளியில் நடக்காது, மண்குழாய் கட்டித்தான் ஏறும். சுவரை விட்டு விலகி இருந்தால் குழாய் உடனே கண்ணில் படும். ஏட்டுக்கட்டைத் துணியில் சுற்றி, வசம்புப் பொடி முடிச்சு ஒன்று. மழை முடிந்ததும் எல்லாக் கட்டையும் அவிழ்த்து நிழலில் காற்றாட விட வேண்டும். வெயிலில் போட்டால் ஓலை மொறுமொறுப்பாகி மடக்கும்போது ஒடியும். எலுமிச்சம்புல் எண்ணெயை மெல்லிசாகத் தடவினால் நெகிழ்வு திரும்பும், பூச்சியும் அண்டாது. தாராளமாகத் தடவினால் ஏடுகள் ஒட்டிக்கொள்ளும், தூசு படியும்.

காற்றாட விடும் நாளையே பெருவிழா ஆக்குங்கள். சமணர்கள் ஞானபஞ்சமி அன்று நூல்களை எடுத்துத் தூசு தட்டி வழிபடுகிறார்கள். பராமரிப்பு வேலை விழாவாக இருந்தால் யாரும் தள்ளிப்போட மாட்டார்கள்.

#14 · நாணல்

எல்லாருக்கும் நன்றி. இப்போது இருக்கும் வடிவம்: மூன்று மடம், ஆண்டுக்கு 60 ஏடு, எழுதுபவர் ஆறு, ஓதுபவர் ஐந்து. ஒப்பீடு காற்றாடும் விழாவில். திருத்தும் உரிமை யாருக்கும் இல்லை.

இரண்டு சந்தேகம் மிச்சம். பழைய ஏட்டை என்ன செய்வது? தீயிலிடுவதை விட மனமில்லை. அந்தக் கரியையே புது ஏட்டின் மையாடலுக்கு எடுத்துக்கொண்டால்? பழைய குறி புதுக் குறிக்குள் கறுப்பாக இறங்கும். அடுத்தது, மூல ஏட்டில் பூச்சி தின்ற பொத்தல் இருந்தால் எழுதுபவர் அங்கே என்ன எழுதுவார்?

#15 · குகைவிளக்கு

கரிக்குப் பழைய ஏடு: அருமை, வையுங்கள். ஆனால் எழுதிய உடனே எரிக்காதீர்கள். ஒரு சுற்று முழுக்க, அதாவது அடுத்த 20 ஆண்டு, புதியதோடு பழையதும் இருக்கட்டும். எந்த நேரத்திலும் மூன்று மடத்தில் இரண்டு தலைமுறை, ஆறு சாட்சி. அப்போது இன்றைய மையாடலுக்குக் கரியாவது இருபது ஆண்டு ஓய்ந்திருந்த ஏடு.

ஒரு மடம் மட்டும் எரிக்காமல் ஓர் அறையில் போட்டு வைக்கட்டும். யூதர்கள் இறைவன் பெயர் எழுதிய தாளை அழிக்க மாட்டார்கள், கெனிசா என்ற அறையில் ஒதுக்குவார்கள். கெய்ரோவின் பென் எஸ்ரா தொழுகைக்கூடத்தில் அப்படி நூற்றாண்டுகளாகக் குவிந்ததில் ஏறத்தாழ 1,93,000 துண்டுகள் இன்று கேம்பிரிட்ஜில் இருக்கின்றன. உங்கள் கதையில் மூன்று மடமும் தவறிய ஒரு குறி, அப்படி ஓர் அறையின் அடியில் கிடைக்கலாம்.

#16 · ஈர்க்கு

பொத்தலுக்கு நான் சொல்கிறேன். நிரப்பக் கூடாது. தெரிந்தாலும் நிரப்பக் கூடாது.

எழுதுபவர் முதலில் மூல ஏட்டின் இடது ஓரத்தைப் பார்ப்பார். அந்தப் பக்கத்துத் தொகை 100. கண்ணில் படுவதை எண்ணினால் 97. ஆகவே பொத்தலுக்குள் போனது மூன்று குறி. புது ஓலையில் அதே வரியில், அதே இடத்தில், மூன்று குறி அகலத்துக்கு வெறுமை விடுவார். வெறுமையைச் சுற்றி எழுத்தாணியை மிக லேசாக ஓட்டிப் பூச்சி தின்ற ஓரத்தின் வடிவத்தை அப்படியே கீறுவார். பொத்தலின் விளிம்பில் பாதிக் குறி மிஞ்சியிருந்தால் பாதியை மட்டும் எழுதுவார். எந்தக் குறியின் பாதி என்று ஊகிக்க மாட்டார். அந்த வளைவு பின்னால் ஒருநாள் இரண்டு குறியில் எது என்று முடிவு செய்ய உதவும்.

விழா நாளில் மற்ற இரண்டு மடத்து ஏட்டிலும் அந்த மூன்று குறி ஒத்திருந்தால், அவற்றை ஓரத்தில் எழுதலாம். நடுவில் பொத்தலின் வடிவம் அப்படியே அடுத்த ஓலைக்கும், அதற்கு அடுத்த ஓலைக்கும் போகும். முந்நூறு ஆண்டுக்கு முன் ஒரு புழு தின்ற வழி, அதே வளைவோடு, ஒரு பூச்சியும் தொடாத புது ஏட்டில் கறுப்புக் கோடாக இருக்கும்.